முதல் றெயிலை ஓட்டியவர் ஒரு கூலித் தொழிலாளி

சென்ற இதழில் இந்தப் பக்கத்தில் சம்பளச் சிட்டையை வரி வரியாக வாசிப்பது எப்படி என்று எழுதியிருந்தோம். அதற்கு வந்த கடிதங்களில் ஒன்று வேறொரு கேள்வியோடு வந்திருந்தது. இங்கிலாந்துக்கு வந்து எட்டு மாதமான ஒரு சகோதரி எழுதுகிறார்: “எங்கள் வீட்டுக்குப் பின்னால் பழைய தொழிற்சாலைகள் இருக்கின்றன. அங்கே தார் றோட்டுக்குள் இரண்டு தண்டவாளம் புதைந்து கிடக்கிறது. கொஞ்சத் தூரம் போய் ஒரு மதிலில் முட்டி நின்றுவிடுகிறது. ஸ்ரேசனும் இல்லை, பெயர்ப்பலகையும் இல்லை. ஆட்கள் ஏறி இறங்காத இடத்துக்கு ஏன் றெயில் விட்டார்கள் என்று மகன் கேட்கிறான். நீங்கள் தொழிற்சாலையில் வேலை செய்கிறவர்கள், உங்களுக்குத் தெரிந்திருக்கும்.”

நல்ல கேள்வி. சகோதரிக்கும் மகனுக்கும் மட்டும் பதில் எழுதாமல் எல்லோருக்குமாக இந்தப் பக்கத்திலேயே எழுதுகிறோம். ஏனென்றால் இந்தக் கதையில் எங்களைப் போல மிஷினோடு மாரடிக்கிற ஒவ்வொருவருக்கும் ஒரு சேதி இருக்கிறது.

அந்தத் தண்டவாளம் ஆட்களுக்காகப் போட்டதல்ல. நிலக்கரி, இரும்பு, கல், செங்கல் என்று பாரச் சாமான் ஏற்றுவதற்காகச் சுரங்க முதலாளியும் தொழிற்சாலை முதலாளியும் தங்கள் சொந்தச் செலவில் போட்டது. இப்படியான பாதைகள் ஒரு காலத்தில் இந்த நாட்டின் தொழில் நகரங்களில் எல்லாம் இருந்தன. இன்னும் சொல்லப்போனால், நாம் இன்று ரிக்கெற் எடுத்து ஏறுகிற றெயிலே இந்தச் சாமான் பாதைகளுக்குள் இருந்துதான் பிறந்தது. சாமான் முதலில், மனிதர் பிறகு. எங்கள் நாட்டிலும் அப்படித்தான். கொழும்பிலிருந்து கண்டிக்கு 1867 இல் றெயில் போய்ச் சேர்ந்தது மலைநாட்டுக் கோப்பியைக் கப்பலுக்குக் கொண்டுவருவதற்காகத்தான்.

யாழ்ப்பாணத்தில் பிறந்து இப்போது முப்பதுகளில் இருக்கும் எங்களுக்கு றெயிலைப் பற்றி எழுதுவது கொஞ்சம் விசித்திரம். 1990 ஜூனில் யாழ்தேவி நின்றது. திரும்ப யாழ்ப்பாணத்துக்கு றெயில் வந்தது 2014 ஒக்ரோபரில். தண்டவாளமும் சிலிப்பர்க் கட்டையும் பங்கருக்குப் போய்விட்டன. எங்களுக்குத் தெரிந்த றெயில் பாதை, பற்றை வளர்ந்த ஒரு மண்மேடு. கோச்சியின் கதையைப் பெரியவர்கள் சொல்லக் கேட்டோமே தவிரக் கண்ணால் கண்டதில்லை. ஆகையால் இங்கே நாங்கள் எழுதுவது ஊரிலிருந்து கொண்டுவந்த அறிவல்ல. இங்கு வந்தபின், வேலை நாட்களுக்கு இடையில் வாசித்தும் கேட்டும் தெரிந்துகொண்டது.

இங்கிலாந்தின் வடக்கே லீட்ஸ் என்று ஒரு நகரம். அதன் தெற்குப் புறத்தில் மிடில்ற்றன் என்ற இடத்தில் நிலக்கரிச் சுரங்கங்கள் இருந்தன. அவை பிரான்ட்லிங் என்ற குடும்பத்துக்குச் சொந்தம். மழை பெய்தால் அந்தக் காலத்து மண் றோட்டில் வண்டிச் சில்லு அச்சுவரை புதையும். ஆனால் மரத்தால் தண்டவாளம் போட்டு அதன்மேல் வண்டியை விட்டால், அதே குதிரை பல மடங்கு பாரத்தை இழுக்கும். ஆகவே சுரங்கத்திலிருந்து நகரத்துக்குத் தண்டவாளம் போடுவதற்கு சார்ள்ஸ் பிரான்ட்லிங் 1758 இல் பாராளுமன்றத்தில் ஒரு சட்டம் பெற்றுக்கொண்டார். பாராளுமன்றச் சட்டத்தின் மூலம் அனுமதி பெற்ற முதல் றெயில் பாதை அதுதான். அப்போது எஞ்சின் என்ற பேச்சே இல்லை. இழுத்தது குதிரை, நடத்தியது கூலியாள்.

நீராவி எஞ்சினைத் தண்டவாளத்தில் முதலில் ஓட்டிக் காட்டியவர் றிச்சார்ட் ட்றெவிதிக். இடம், வேல்ஸில் பெனிடாறன் என்ற இரும்பு ஆலை. 1804 பெப்ரவரி 21ஆம் திகதி அந்த எஞ்சின் 10 தொன் இரும்பையும் 5 வண்டிகளையும் அவற்றில் தொற்றிக்கொண்ட 70 பேரையும் இழுத்துக்கொண்டு 9 மைலுக்கு மேல் போனது. எடுத்த நேரம் 4 மணித்தியாலமும் சில நிமிடமும். ஓடியது எஞ்சின், உடைந்தது தண்டவாளம்! வார்ப்பிரும்பு பாரம் தாங்காமல் வெடித்து வெடித்துப் போனது. அதனால் அந்த ஆலையில் எஞ்சின் நிலைக்கவில்லை.

அதற்குச் சில ஆண்டுகளின் பின் மிடில்ற்றன் சுரங்கத்துக்கு ஒரு நெருக்கடி வந்தது. நெப்போலியனோடு நடந்த யுத்தத்தால் குதிரைத் தீனியின் விலை ஏறிவிட்டது. யுத்தம் நடந்தால் சாமான் விலை ஏறும் என்பதை நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. குதிரையைக் கட்டி மேய்ப்பதைவிடக் கரியைத் தின்கிற எஞ்சின் மலிவு என்று சுரங்கத்தின் மேலாளர் ஜோன் பிளென்கின்சொப் கணக்குப் பார்த்தார். கரிதான் சொந்தக் காலடியில் கிடக்கிறதே! ஆனால் ட்றெவிதிக்கின் எஞ்சினுக்கு நடந்தது அவருக்குத் தெரியும். எஞ்சின் பாரமாக இருந்தால் தண்டவாளம் உடையும். பாரம் குறைந்தால் சில்லு வழுக்கும், பின்னால் இருக்கிற வண்டிகளை இழுக்காது.

அவர் கண்ட வழி இதுதான். தண்டவாளத்தின் ஒரு பக்கத்தில் பற்களை வைத்து வார்த்தார். எஞ்சினில் ஒரு பற்சில்லைப் பூட்டினார். சைக்கிள் செயினும் பற்சில்லும்போல ஒன்றையொன்று கவ்விக்கொண்டு ஓடும். வழுக்க இடமில்லை. 1811 இல் அதற்குக் காப்புரிமை எடுத்தார். எஞ்சினைக் கட்டியவர் லீட்ஸில் பட்டறை வைத்திருந்த மத்தியூ மறி. 1812 இல் ‘சலமாங்கா’ என்ற பெயரோடு அது ஓடத் தொடங்கியது. சுமார் 5 தொன் எடையுள்ள அந்தச் சின்ன எஞ்சின், சமதரையில் 90 தொன் வரையான கரியை ஒரு மனிதன் நடக்கும் வேகத்தில் இழுத்தது. உலகத்தில் நீராவி எஞ்சினால் தொழில் நடத்தி வெற்றி கண்ட முதல் றெயில் பாதை என்று மிடில்ற்றனைச் சொல்கிறார்கள்.

பிளென்கின்சொப், மறி ஆகிய இரண்டு பெயர்களையும் புத்தகங்களில் பெரிய எழுத்தில் காணலாம். மூன்றாவது பெயர் ஒன்று உண்டு. ஜேம்ஸ் ஹியூவிற். சுரங்க வாசலில் மேல்வேலை செய்துகொண்டிருந்த கூலித் தொழிலாளி. எஞ்சின் கட்டிய பட்டறையிலிருந்து வந்த ஆள் அவருக்கு ஓட்டப் பழக்கினார். நாள்தோறும் எஞ்சின் ஓட்டுவதையே தொழிலாகக் கொண்ட முதல் ஆள் அவர்தான் என்று கருதப்படுகிறது. அவருக்கு முன்னால் அந்தத் தொழில் உலகத்தில் இல்லை. கேட்டுப் படிக்க ஒரு மூத்த ஓட்டுநரும் இல்லை. புது நாட்டில் புது மிஷினுக்கு முன்னால் முதல்நாள் நின்ற அனுபவம் உள்ள எங்களுக்கு அவருடைய நெஞ்சு எப்படி அடித்திருக்கும் என்று கொஞ்சம் விளங்குகிறது.

இனி எஞ்சினின் வயிற்றுக்குள் நடப்பதைச் சொல்லவேண்டும். சமையலறையில் பிறஷர் குக்கர் வைத்திருக்கிறவர்களுக்கு இது சுலபமாக விளங்கும். மூடிய பாத்திரத்தில் தண்ணீர் கொதிக்கும்போது ஆவி வெளியே போக வழியில்லாமல் அமுக்கம் கூடும். அளவுக்கு மேல் கூடினால், மேலே இருக்கிற குண்டு எழும்பி ஆவியை விடும். எஞ்சினின் கொதிகலத்திலும் அதே தத்துவம்தான். அமுக்கம் எல்லை தாண்டினால் தானாகத் திறப்பதற்கு ஒரு பாதுகாப்பு வால்வு இருக்கும். அந்த வால்வின்மேல் கூடுதலாக ஒரு பாரத்தை வைத்து அமுக்கினால் அது திறக்காது. உள்ளே அமுக்கம் ஏறும், எஞ்சின் இன்னும் பலமாக இழுக்கும். குக்கரின் குண்டைக் கையால் அமுக்கிப் பிடித்துக்கொண்டு பருப்பைக் கெதியாக அவிக்கப் பார்ப்பதும் இதுவும் ஒன்றுதான்.

1818 பெப்ரவரி 28ஆம் திகதி மிடில்ற்றனில் ஒரு எஞ்சினின் கொதிகலம் வெடித்தது. ஓட்டுநர் பக்கத்து வயலுக்குள் தூக்கி வீசப்பட்டு இறந்தார். பாதுகாப்பு வால்வில் அவர் கைவைத்ததே காரணம் என்று பிற்பாடு ஜோர்ஜ் ஸ்ரீவன்சன் பாராளுமன்றக் குழுவின் முன் சாட்சி சொன்னார். அது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். இறந்தவர் எழுந்து வந்து, “எத்தனை வண்டியை எத்தனை மணிக்குள் கொண்டுவரச் சொன்னார்கள்” என்று சொல்ல முடியாது. சாட்சி சொல்ல உயிரோடு இருந்தவர்கள் மற்றவர்கள்தான்.

1834 பெப்ரவரி 12ஆம் திகதி இன்னொரு கொதிகலம் வெடித்தது. இந்த முறை இறந்தவர் ஜேம்ஸ் ஹியூவிற். 20 ஆண்டுகளுக்கு மேலான அனுபவம், அவரைவிட அந்தத் தொழில் தெரிந்தவர் அங்கே இல்லை. அவர் வால்வை அமுக்கினார் என்று யாரும் சொல்லவில்லை. எஞ்சின்கள் பழசாகித் தேய்ந்துபோய், பராமரிப்புக் குறைந்திருந்ததே காரணமாயிருக்கும் என்கிறார்கள். முதல் விபத்தில் பழி ஓட்டுநர்மேல் விழுந்தது. இரண்டாவதில் பழி கவனிக்காமல் விட்டவர்கள்மேல் விழுந்தது. இரண்டிலும் உயிர் போனது ஓட்டுநருக்கே. அடுத்த ஆண்டு மிடில்ற்றனில் மறுபடியும் குதிரை பூட்டினார்கள். எஞ்சின் அங்கே திரும்பி வந்தது 1866 இல்தான். கொதிகல வெடிப்புகளை அரசாங்கம் விசாரிக்க வேண்டும் என்று சட்டம் வந்தது 1882 இல். இடையில் நாடு முழுவதும் எத்தனை பட்டறைகளில் எத்தனை வீடுகளுக்குச் சாவு போயிருக்கும் என்று எண்ணிப் பாருங்கள்.

சாட்சி சொன்ன ஸ்ரீவன்சனும் லேசான ஆளல்ல. அவரும் சுரங்கத்துத் தொழிலாளியின் பிள்ளைதான். தகப்பனார் சுரங்கத்தில் தண்ணீர் இறைக்கும் எஞ்சினுக்குத் தீ மூட்டியவர். மகனுக்கு 18 வயது வரை எழுத வாசிக்கத் தெரியாது. பகலில் எஞ்சினோடு வேலை, இரவில் படிப்பு என்று இரவு வகுப்புக்குப் போய்த்தான் எழுத்துப் படித்தார். கில்லிங்வேர்த் என்ற சுரங்கத்தில் 1814 இல் தன் முதல் றெயில் எஞ்சினைக் கட்டினார். நல்ல தண்டவாளம் இருந்தால் பற்சில்லு இல்லாமலே எஞ்சின் இழுக்கும் என்பது அந்த ஆண்டுகளில் தெளிவாகியது. அந்தச் சுரங்கப் பாதையின் அகலம் 4 அடி 8 அங்குலம். பிறகு அரை அங்குலம் கூட்டி 4 அடி 8½ அங்குலம் ஆக்கினார். இன்று உலகத்தில் மிக அதிகமான றெயில்கள் ஓடுவது அந்த அகலத்தில்தான். கரி வண்டிக்கு வைத்த அளவில் இன்று விரைவு றெயில்கள் பறக்கின்றன! (நம் நாட்டுப் பாதை அதைவிட அகலம், 5 அடி 6 அங்குலம்.) எங்களைப் போலப் படிப்பை இடையில் விட்டவர்களுக்கு இதில் ஒரு ஆறுதல் உண்டு. மாலை நேர ஆங்கில வகுப்புக்குப் போக வெட்கப்படுகிற சகோதரர்களுக்கும் இதைச் சொல்லி வைக்கிறோம்.

மிடில்ற்றன் பாதைக்குப் பக்கத்தில் ஹன்ஸ்லெற் என்ற பகுதி எஞ்சின் கட்டும் ஊராகவே மாறியது. மன்னிங் வார்டில் 1858 இல், ஹட்ஸ்வெல் கிளார்க் 1860 இல், ஹன்ஸ்லெற் எஞ்சின் கொம்பனி 1864 இல் என்று தொழிற்சாலைகள் ஒன்றன்பின் ஒன்றாகத் தொடங்கின. இவை பெரிய றெயில்களுக்கான எஞ்சின்களைவிட, சுரங்கத்துக்கும் கல்லுடைக்கும் இடத்துக்கும் கரும்புத் தோட்டத்துக்குமான சின்ன எஞ்சின்களுக்கே பேர்போனவை. ஒடுக்கமான பாதையில், கூர்மையான வளைவில், மழையிலும் சேற்றிலும் நின்று இழுக்கிற வேலைக்காரக் குதிரைகள். வேல்ஸின் கற்பலகைச் சுரங்கங்களிலும் அவை வேலை செய்தன, கடல் கடந்தும் போயின. ஹன்ஸ்லெற்றில் தொழிற்சாலை வேலைக்கெனக் கடைசியாகக் கட்டிய நீராவி எஞ்சின் 1971 இல் இந்தோனேசியாவின் ஜாவாத் தீவிலுள்ள ஒரு சீனி ஆலைக்குப் போனது. அங்கே கரும்பு இழுத்துக் களைத்தபின் 2004 இல் அது பிரித்தானியாவுக்கே திரும்பிவிட்டது.

இன்னொரு வகை எஞ்சினையும் சொல்லாமல் விட முடியாது. நெருப்பே இல்லாத நீராவி எஞ்சின்! அதற்குள் அடுப்பு இல்லை. தொழிற்சாலையில் ஏற்கெனவே இருக்கிற பெரிய கொதிகலத்தில் குழாயைப் பூட்டி, எஞ்சினின் தாங்கிக்குள் சுடுதண்ணீரும் ஆவியுமாக அமுக்கத்தோடு நிரப்புவார்கள். தேர்மோஸ் போத்தலில் தேத்தண்ணீர் சூடாக இருப்பதுபோல அது சூட்டைப் பிடித்து வைத்துக்கொண்டு சில மணித்தியாலம் ஓடும். வெடிமருந்து ஆலை, கடதாசி ஆலை போன்று ஒரு தீப்பொறி விழுந்தாலே எல்லாம் எரிந்துபோகும் இடங்களில் இதை வைத்திருந்தார்கள். ஆக, ஆபத்தில்லாமல் வேலை செய்கிற மிஷினைக் கட்ட வழியே இல்லை என்பது பொய். வேண்டும் என்று நினைத்தால் வழி பிறக்கும்.

பிறகு லொறி வந்தது. நல்ல றோட்டுகள் வந்தன. சுரங்கங்கள் ஒவ்வொன்றாக மூடின. தொழிற்சாலைக்குள் ஓடிய தண்டவாளங்களுக்கு வேலை இல்லாமல் போயிற்று. கிளப்பி விற்றது போக, கிளப்பச் செலவு கூடிய இடங்களில் அப்படியே மேலே தாரை ஊற்றினார்கள். சகோதரியின் மகன் கண்டது அப்படி மிஞ்சிய ஒரு துண்டாகத்தான் இருக்கும்.

ஆனால் மிடில்ற்றன் அழியவில்லை. 1960 இல் லீட்ஸ் பல்கலைக்கழக மாணவர்களும் ஒரு விரிவுரையாளரும் சேர்ந்து, சம்பளம் வாங்காமல் தாங்களே அதை நடத்தத் தொடங்கினார்கள். இந்த நாட்டில் வழமையான அகலப் பாதை ஒன்றைத் தொண்டர்கள் எடுத்து நடத்தியது அதுவே முதல் தடவை. 1983 வரை பக்கத்துத் தொழிற்சாலைகளுக்குச் சாமானும் ஏற்றினார்கள். இப்போது வார இறுதிகளில் பெரும்பாலும் குடும்பங்களை ஏற்றிக்கொண்டு சின்னத் தூரம் ஓடுகிறார்கள். பிள்ளைகளோடு அந்தப் பக்கம் போகிறவர்கள் பார்த்து வாருங்கள். போகுமுன் எந்த நாளில் ஓடுகிறது என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

இனி நமது வேலைத்தலத்துக்கு வருவோம். 200 ஆண்டுக்கு முந்திய வால்வுக் கதை நமக்கு எதற்கு?

நாங்கள் வேலை செய்கிற இடத்தில் வெட்டும் மிஷின்கள் இருக்கின்றன. முன்னால் ஒரு பாதுகாப்பு மூடி இருக்கும், காட் என்று எல்லோரும் சொல்வது. மூடியைத் திறந்தால் மிஷின் தானாக நிற்கும். ஒவ்வொரு தடவையும் திறந்து மூட நேரம் போகும், எண்ணிக்கை குறையும். ஆகவே மூடி திறந்திருந்தாலும் மிஷின் ஓடும்படி சிலர் சுவிச்சில் ரேப் ஒட்டிவிடுவார்கள். ஏஜென்சி மூலம் வந்த நம் தம்பி ஒருவர், வந்து மூன்றாம் கிழமையே இதைச் செய்தார். யார் சொல்லிக் கொடுத்தது என்று கேட்டோம். “எல்லோரும் செய்கினம் அண்ணை. எண்ணிக்கை வராவிட்டால் அடுத்த கிழமை கூப்பிடமாட்டினம்” என்றார். சுப்பவைசர் அதைக் கண்டும் காணாததுபோலப் போனார். எங்களோடு வேலை செய்கிற போலந்து நாட்டு அம்மா ஒருவர்தான் வந்து பேசாமல் ரேப்பை உரித்துக் குப்பைக்குள் போட்டுவிட்டு, தன் இடக்கையைத் தூக்கிக் காட்டினார். அதில் இரண்டு விரல் பாதிதான் இருந்தது. அதற்குமேல் பாஷை தேவைப்படவில்லை.

அந்தத் தம்பிமேல் எங்களுக்குக் கோபமில்லை. ஊரில் வாங்கிய கடன், தாய் தகப்பன், விசா என்று அவர் தலையில் இருக்கிற பாரம் எங்களுக்குத் தெரியும். ஆனால் ஒன்று நிச்சயம். ஏதாவது நடந்தால் கண்டும் காணாததுபோலப் போன சுப்பவைசரே, “அவன்தான் ரேப் ஒட்டினான்” என்று முதலில் சொல்வார். 1818 இல் நடந்தது அதுதான்.

இந்த நாட்டில் 1974 இல் வந்த வேலைத்தலப் பாதுகாப்புச் சட்டம் இரண்டு பக்கமும் பேசுகிறது. மிஷினைப் பாதுகாப்பாக வைத்திருக்க வேண்டியது முதலாளியின் கடமை. பாதுகாப்புக்கென வைத்ததை வேண்டுமென்றே குழப்புவது யார் செய்தாலும் குற்றம், தொழிலாளி உட்பட. சட்டப்படி தரவேண்டிய பாதுகாப்புப் பொருட்களுக்கு நம் சம்பளத்தில் காசு வெட்ட முடியாது. ஆபத்துகளைப் பற்றி நமக்கு விளங்கும் விதத்தில் சொல்லித்தர வேண்டும் என்று 1999ஆம் ஆண்டு விதிகள் சொல்கின்றன. ஆங்கிலம் தெரியாது என்பது நம் குற்றமல்ல. விளங்கவில்லை என்றால் விளங்கவில்லை என்று சொல்லுங்கள். தலையாட்டிவிட்டுக் கையெழுத்து வைக்காதீர்கள்.

காட் உடைந்திருந்தால், மிஷின் வழமைக்கு மாறாகச் சத்தம் போட்டால், நிறுத்திவிட்டுச் சுப்பவைசரைக் கூப்பிடுங்கள். “காட் புறோக்கன், மிஷின் நொட் சேவ்” என்றால் போதும், இலக்கணம் தேவையில்லை. எந்த நாள், எத்தனை மணி, யாரிடம் சொன்னீர்கள் என்பதைத் தமிழிலேயே ஒரு சின்னக் கொப்பியில் எழுதி வையுங்கள். தொழிற்சங்கம் இருந்தால் அவர்களிடமும் சொல்லுங்கள். 1834 இல் அந்த எஞ்சின் தேய்ந்துபோயிருந்தது என்று எழுதி வைக்க ஜேம்ஸ் ஹியூவிற்றுக்கு ஒரு கொப்பி இருந்ததோ, அவர் சொன்னதைக் கேட்க ஒரு ஆள் இருந்ததோ, யார் கண்டது? நமக்குக் கொப்பியும் இருக்கிறது, சட்டமும் இருக்கிறது.

வீட்டில் இருக்கிற சகோதரிகளுக்கும் ஒரு வார்த்தை. வேலையால் வருகிறவரிடம் இன்று எவ்வளவு கிடைத்தது என்று கேட்பதோடு, அந்த மிஷினில் காட் இருக்கிறதா என்றும் கேளுங்கள். நாம் இங்கு வந்தது உயிரைக் காப்பாற்றிக்கொள்ளத்தான்.

அடுத்த இதழில், இரவு வேலை செய்கிற பெற்றோர் பிள்ளைகளின் பாடசாலைக் கூட்டத்துக்குப் போவது பற்றி எழுத இருக்கிறோம். உங்கள் கேள்விகளையும் அனுபவங்களையும் வழமைபோல எழுதி அனுப்புங்கள். தமிழ் எழுத்துப் பிழை பார்க்கமாட்டோம்!